உயர்வானின் குளிரை அளந்தவர்: கலாநிதி கல்பாத்தி இராமநாதன்

கொழும்பு மாநகரிலே இராமநாதன் என்று ஒரு பெயரைச் சொன்னால் நம் மனம் உடனே கொச்சிக்கடைப் பொன்னம்பலவாணேசர் ஆலயத்தை நினைக்கும். தந்தையார் அமைத்த கோவிலைக் கருங்கற்றளியாக எழுப்பிய சேர் பொன்னம்பலம் இராமநாதன் அவர்களை அறியாத தமிழர் கொட்டாஞ்சேனையிலும் இல்லை, வெள்ளவத்தையிலும் இல்லை. அப்பெயரையே தாங்கிய வேறொரு பெரியாரின் வரலாற்றை இவ்வாண்டு மலரிலே நம் வாலிபர்களுக்கு எடுத்துக் கூற விரும்புகின்றோம். இவர் ஆலயம் எழுப்பியவரல்லர், சட்டசபையிலே வாதாடியவருமல்லர். நம்மெல்லோர் தலைக்கும் மேலே கரையின்றிக் கிடக்கும் காற்றுக் கடலை ஏறக்குறைய அறுபது ஆண்டுகள் ஓயாது ஆராய்ந்தவர். விஞ்ஞான உலகம் கே. ஆர். இராமநாதன் என்று போற்றும் கல்பாத்தி இராமகிருஷ்ண இராமநாதன் அவர்களே இவர்.

காற்றைப் பற்றி நம் முன்னோர் அறியாதவரல்லர். வடக்குக் கிழக்குக் கரைகளிலே வள்ளம் தள்ளும் மீனவர் சோளகம், வாடை, கொண்டல், கச்சான் என்று காற்றுக்குத் திசைக்கொரு பெயர் வைத்திருக்கின்றனர். எந்தக் காற்றில் வலை வீசலாம், எந்தக் காற்றில் கரையேற வேண்டும் என்பது அவர்களுக்குத் தெரியும். கொழும்பிலும் சித்திரை, ஐப்பசி மாதங்களிலே காலை வெய்யில் ஏறி, பிற்பகலில் இடி முழங்கி மழை கொட்டும் என்பதை நாம் அநுபவத்தால் அறிவோம். ஆனால் அந்தக் காற்று எவ்வளவு உயரம் வரை வீசுகின்றது? இடிமுகில் எழும்பி எழும்பி எங்கே போய் நிற்கின்றது? அதற்கும் மேலே என்ன இருக்கின்றது? இக்கேள்விகளுக்குக் கரையில் நின்று விடை காண முடியாது. மனிதன் ஏறமுடியாத உயரத்துக்குக் கருவியை ஏற்றிப் பார்த்து விடை கண்ட தலைமுறையைச் சேர்ந்தவர் நம் இராமநாதன்.

காற்று வாசலிலே பிறப்பு

மேற்குத் தொடர்ச்சி மலை நெடுஞ்சுவர் போல நிற்கும் இடத்திலே பாலக்காட்டில் மாத்திரம் ஒரு பெரிய இடைவெளி உண்டு. தென்மேல் பருவக்காற்றுத் தமிழ்நாட்டுக்குள் நுழையும் வாசல் அது. அவ்வாசலிலே ஓடும் ஆற்றங்கரையில் கல்பாத்தி என்னும் அக்கிரகாரம் இருக்கின்றது. பல நூற்றாண்டுகளுக்கு முன் தமிழகத்திலிருந்து சென்று குடியேறிய குடும்பங்கள் வீட்டிலே தமிழ் பேசி வாழும் ஊர். ஐப்பசித் தேர்த்திருவிழாவாற் பெயர் பெற்ற விசுவநாதசுவாமி கோவில் அவ்வூரின் நடுநாயகம். அங்கே 1893ஆம் ஆண்டு பெப்ரவரி மாதம் 28ஆம் திகதி இராமநாதன் பிறந்தார். தந்தையார் இராமகிருஷ்ண சாஸ்திரிகள் வடமொழிப் புலமை வாய்ந்தவர். நம் விபுலாநந்த அடிகள் காரைதீவிலே பிறந்ததற்கு ஓராண்டு பின்னர் இவர் பிறந்தார் என்று சொன்னால் காலம் நமக்கு எளிதில் விளங்கும். பழைய கல்வி நிறைந்த வீட்டிலிருந்து புதிய விஞ்ஞானத்தை நோக்கி நடந்த தலைமுறை அது.

பாலக்காட்டிலே ஆரம்பக் கல்வியை முடித்துக்கொண்டு 1909இல் சென்னை மாநிலக் கல்லூரியிற் சேர்ந்தார். பௌதிகவியலைச் சிறப்புப் பாடமாகக் கற்றுத் தேறி, 1914இல் எம்.ஏ. பட்டமும் பெற்றார். அதே ஆண்டில் திருவனந்தபுரம் மகாராஜா கல்லூரியிலே செய்முறைப் போதகர் உத்தியோகம் கிடைத்தது.

திருவனந்தபுரத்திலே அவருக்குக் கிடைத்த பெரும்பேறு அந்நகரின் வானாராய்ச்சி நிலையம். சுவாதித் திருநாள் மகாராஜா 1837இல் அமைத்த நிலையம் அது. பின்னாளில் அதன் தலைவராயிருந்த ஜோன் அலன் புரூன் என்பவர் 1855இல் அகத்தியமலைச் சிகரத்திலேயே ஒரு கிளை நிலையம் கட்டிக் காற்றையும் அமுக்கத்தையும் அளந்தவர். அகத்தியர் இருந்தருளியதாக நாம் போற்றும் பொதிகைச் சாரலிலே வெப்பமானியும் பாரமானியும் ஏறியது நம்மவர் பலர் அறியாத செய்தி. அத்தகைய மரபுடைய நிலையத்தைக் கவனிக்கும் பொறுப்பு இளைஞர் இராமநாதனிடம் வந்தது. கல்லூரியிலே பாடஞ் சொல்லிய நேரம் போக, திருவனந்தபுரத்து இடிமழையை ஆராய்ந்தார். நாள்தோறும் குறித்த நேரத்திற் கருவியைப் பார்த்துக் குறித்து வைக்கும் பழக்கம் இங்கேதான் அவருக்குப் படிந்தது. அப்பழக்கமே பிற்காலத்து வெற்றிகளுக்கெல்லாம் வேராயிற்று.

இராமன் அருகிலே

1921ஆம் ஆண்டு. கல்கத்தாவிலே பேராசிரியராயிருந்த சந்திரசேகர வேங்கட இராமன் அவர்கள் இங்கிலாந்துக்குக் கப்பலிற் சென்று மீண்டு வந்த காலம். மத்தியதரைக் கடலின் நீலத்தைக் கண்டு வியந்து, நீரே ஒளியைச் சிதறச் செய்வதால் அந்நிறம் உண்டாகின்றது என்ற எண்ணத்தோடு திரும்பியிருந்தார். அவ்வாண்டு இறுதியிலே சென்னைப் பல்கலைக்கழகத்தின் உபகாரச் சம்பளம் பெற்று இராமநாதன் அவரிடம் சென்று சேர்ந்தார். ஆசிரியருக்கும் மாணவருக்கும் வயது வித்தியாசம் ஐந்தாண்டுக்கும் குறைவு. திரவங்களினூடே எக்ஸ் கதிர் செல்லும்போது ஏற்படும் கோலங்களைப் பற்றி இருவரும் சேர்ந்து 1923இல் வெளியிட்ட கட்டுரை அத்துறையின் முன்னோடிகளுள் ஒன்று. அவருடைய ஆராய்ச்சிகளுக்காகச் சென்னைப் பல்கலைக்கழகம் விஞ்ஞான கலாநிதிப் பட்டம் வழங்கிற்று. இதற்கிடையில் இரங்கூன் பல்கலைக்கழகத்திலே ஆசிரியப் பதவி கிடைக்க, 1922இல் அங்கே சென்றார். விடுமுறை வந்தால் மீண்டும் கல்கத்தா ஆராய்ச்சிக்கூடத்துக்கே வந்துவிடுவார்.

1923ஆம் ஆண்டிலே அவ்வாராய்ச்சிக்கூடத்தில் நடந்த ஒரு சம்பவத்தை நம் இளைஞர்கள் ஊன்றிக் கவனிக்க வேண்டும். இராமநாதன் சூரிய ஒளியை ஊதா வடிகண்ணாடி ஒன்றின் வழியே திரவத்துட் செலுத்தினார். சிதறி வரும் ஒளியைப் பச்சை வடிகண்ணாடி வழியே பார்த்தார். முதற் கண்ணாடி விட்ட நிறத்தை இரண்டாவது கண்ணாடி தடுத்துவிட வேண்டும்; ஆகவே எல்லாம் இருண்டு தோன்ற வேண்டும். ஆனால் மெல்லிய ஒளிக்கீற்றொன்று அங்கே நின்றது. திரவத்தில் அழுக்கு இருக்கலாம் என்று கருதி, அதனை மீண்டும் மீண்டும் வடித்துத் தூய்மை செய்து பார்த்தார். கீற்று மறையவில்லை. இது ஒரு மெல்லிய ஒளிர்வு என்று எழுதி வைத்தார். இராமனுக்கு அவ்விளக்கம் திருப்தி தரவில்லை. கேள்வி கேள்வியாகவே நின்றது.

1925இல் கே. எஸ். கிருஷ்ணன் அதே கீற்றை வேறு திரவங்களிலுங் கண்டார். அதன்பின் 1928ஆம் ஆண்டு பெப்ரவரி 28ஆம் திகதி இராமனும் கிருஷ்ணனும் உண்மையைத் தெளிந்தனர். ஒளி திரவத்தின் மூலக்கூறுகளோடு மோதித் தன் நிறத்தையே மாற்றிக்கொள்கின்றது என்பதே அவ்வுண்மை. அதுவே இராமன் விளைவு. 1930இல் நோபல் பரிசை ஆசியாவுக்குக் கொண்டுவந்த கண்டுபிடிப்பு. அந்தத் திகதி இராமநாதனுடைய முப்பத்தைந்தாவது பிறந்தநாள். இந்தியா இன்று அந்நாளைத் தேசிய விஞ்ஞான தினமாகக் கொண்டாடுகின்றது.

ஐந்தாண்டுக்கு முன் தம் கண்ணெதிரே நின்ற ஒளிக்கீற்று உலகப் புகழாக மாறியபோது இராமநாதன் அவ்வாராய்ச்சிக்கூடத்திலே இல்லை. வானிலைத் திணைக்களத்திலே பலூன் கணக்குகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் உள்ளத்தில் என்ன தோன்றியது என்று நாம் கற்பனை செய்ய விரும்பவில்லை. அவருடைய வாழ்க்கையின் பிற்பகுதி போதிய சான்று. 1952இல் அவர் தலைமையிலிருந்த ஆய்வுகூடத்தின் புதிய கட்டடத்துக்கு அடிக்கல் நாட்ட வந்தவர் சேர் சி. வி. இராமன் அவர்களே. ஆசிரியர் மாணவர் அன்பு முப்பதாண்டு கழிந்தும் பழுதுபடாதிருந்தது. மற்றொன்றையும் நாம் இங்கே காண்கின்றோம். தாம் கண்டதைக் கண்டவாறே இராமநாதன் குறித்து வைத்தார். கீற்று மறையவில்லை என்பதை மறைக்கவில்லை. அன்று அவர் தந்த விளக்கம் நிலைக்காமற் போயிற்று; அவர் செய்த குறிப்பு நிலைத்து நின்று பின்வந்தோருக்கு வழிகாட்டிற்று.

திரும்பி வந்த பலூன்கள்

1925இல் இராமநாதன் இந்திய வானிலைத் திணைக்களத்திற் சேர்ந்தார். அத்திணைக்களம் பிறந்த கதை துயரமானது. 1864இல் கல்கத்தாவைப் பாழாக்கிய சூறாவளியும், அதனை அடுத்து மழை பொய்த்ததால் வந்த பஞ்சங்களும், வானிலையை ஒழுங்காக அவதானிக்க வேண்டும் என்ற எண்ணத்தை உண்டாக்கின. 1875இல் திணைக்களம் நிறுவப்பட்டது. நம் கொழும்பிலே புல்லர்ஸ் வீதியில் அவதான நிலையம் ஏற்பட்டது 1907இல். அவ்வீதிதான் இன்று பௌத்தாலோக மாவத்தை. நம் நாட்டு வானிலை அவதானம் 1948இலேதான் தனித் திணைக்களமாயிற்று.

ஆக்கிராவிலிருந்த உயர்வான் அவதான நிலையத்தின் பொறுப்பு இராமநாதனுக்குக் கிடைத்தது. அங்கே நடந்த வேலையை இக்காலத்துப் பிள்ளைகளுக்குச் சொன்னால் வியப்படைவர். வானொலி மூலம் செய்தி அனுப்பும் கருவிகள் அக்காலத்தில் வழக்குக்கு வரவில்லை. ஐதரசன் நிரப்பிய இறப்பர் பலூன் ஒன்றிலே இலேசான கருவியொன்றைக் கட்டி விடுவார்கள். பலூன் ஏற ஏற, அக்கருவியின் ஊசிமுனை தபால் முத்திரை அளவான உலோகத் தகடொன்றிலே வெப்பநிலையையும் அமுக்கத்தையும் கீறிக்கொண்டே போகும். மிக உயரத்திலே பலூன் வெடிக்கும். கருவி எங்கேயோ வயலிலோ காட்டிலோ விழும். கண்டெடுத்துக் கொண்டுவந்து தருவோருக்குச் சன்மானம் வழங்கப்படும் என்று அதிலே எழுதிக் கட்டியிருப்பார்கள். எழுத்தறியாத ஓர் உழவர் அதனை எடுத்துச் சென்று ஒப்படைத்தால், அந்தச் சிறு தகட்டை நுணுக்குக்காட்டியில் வைத்துப் படிப்பார்கள். ஒப்படையாவிட்டால் அன்றைய உழைப்பு வீண். உயர்வானைப் பற்றிய அறிவு வயலிலே வேலை செய்த ஏழை மக்களின் நேர்மையிலும் தங்கியிருந்தது என்பதை நாம் மறத்தலாகாது.

இவ்வாறு ஆக்கிராவிலும் உலகின் பிற இடங்களிலும் கிடைத்த அளவுகளையெல்லாம் ஒன்று சேர்த்து இராமநாதன் ஒரு படம் வரைந்தார். நிலத்திலிருந்து உயரே செல்லச் செல்லக் குளிர் மிகும் என்பதை நுவரெலியாவுக்குச் சென்று வந்தவர் அறிவர். ஆனால் அக்குளிர் எல்லையின்றி மிகுவதில்லை. ஓர் உயரத்தில் நின்றுவிடும். அதற்கு மேலே குளிர் குறையத் தொடங்கும். கீழேயுள்ள பகுதியை மாறன் மண்டலம் என்றும், மேலேயுள்ளதைப் படை மண்டலம் என்றும் நம் புவியியற் புத்தகங்கள் கூறும். மழை, முகில், புயல் யாவும் பெரும்பாலும் மாறன் மண்டலத்துக்குள்ளேயே அடங்கும். அவ்விரண்டுக்கும் இடையிலுள்ள எல்லை எங்கே உயர்ந்தும் எங்கே தாழ்ந்தும் இருக்கின்றது என்பதே கேள்வி.

1929இல் நேச்சர் என்னும் விஞ்ஞான சஞ்சிகையிலே அவர் வெளியிட்ட விடை உலகை வியக்கச் செய்தது. பூமியைச் சூழ்ந்த கீழ்வளியிலே மிகக் குளிர்ந்த காற்று எங்கே இருக்கின்றது? பனி மூடிய துருவத்தின் மேலே என்றுதான் எவரும் சொல்வர். இராமநாதன் கண்டது வேறு. வெப்பம் மிகுந்த மத்தியகோட்டுக்கு நேர் மேலே, ஏறக்குறைய 17 கிலோமீற்றர் உயரத்தில், அக்குளிர்காற்று ஒரு தட்டையான வளையம் போலப் பூமியைச் சுற்றிக் கிடக்கின்றது. அதன் வெப்பநிலை பூச்சியத்துக்குக் கீழே ஏறக்குறைய 88 பாகை சதமம். துருவப் பகுதிகளிலே அவ்வெல்லை எட்டொன்பது கிலோமீற்றர் உயரத்திலேயே வந்துவிடுகின்றது. குளிரும் இவ்வளவு இல்லை.

இதன் காரணத்தை எளிதில் விளங்கிக்கொள்ளலாம். வெய்யிலினாற் சூடேறிய ஈரக் காற்று நம் நாடுகளிலே வேகமாக மேலெழும்புகின்றது. எழும்பும் காற்று விரியும். விரியும் காற்றுக் குளிரும். கீழே எவ்வளவு வெப்பமோ அவ்வளவு உயரம் எழும்பும். எவ்வளவு உயரம் எழும்புகிறதோ அவ்வளவு குளிரும். துருவத்திலே காற்று அத்துணை உயரம் எழும்புவதில்லை. ஆகவே வெள்ளவத்தைக் கடற்கரையிலே வியர்வை துடைத்துக்கொண்டு நிற்கும் நமது தலைக்கு நேர் மேலேதான் அக்குளிர் வளையம் கிடக்கின்றது. தூரமும் பெரிதன்று, கொழும்புக் கோட்டையிலிருந்து மொறட்டுவைக்குப் புகைவண்டியிற் செல்லும் தூரம்தான். அத்தூரத்தைக் கிடையாகச் சென்றால் அதே வெப்பம்; நிமிர்ந்து சென்றால் உலகின் கடுங்குளிர். பிற்பகலில் நாம் காணும் இடிமுகிலின் உச்சி அவ்வெல்லையை முட்டியே குடை போல விரிகின்றது.

இக்கண்டுபிடிப்பின் பயன் பின்னர் மேலும் தெளிவாயிற்று. படை மண்டலத்தின் காற்று ஏன் இவ்வளவு வறண்டிருக்கின்றது என்று விஞ்ஞானிகள் ஆராய்ந்தனர். கீழ்க்காற்று மேலே செல்லும் பிரதான வழி வெப்பவலயத்தின் குளிர் வளையமே என்றும், அவ்வழியிலே நீராவி உறைந்து பின்தங்கி விடுகின்றது என்றும் 1949இல் ஆங்கில விஞ்ஞானி புரூவர் காட்டினார்.

பருவக்காற்றும் புயலும்

அவருடைய உழைப்பு உயரத்தோடு நிற்கவில்லை. தென்மேல் பருவக்காற்றையும் அதனோடு வரும் தாழமுக்கங்களையும் பற்றி 1933இலும், இந்தியாவையும் அயல் நாடுகளையும் சூழ்ந்த காற்றின் பொது ஓட்டத்தைப் பற்றி 1939இலும் கே. பி. இராமகிருஷ்ணன் என்பவரோடு சேர்ந்து விரிவான ஆராய்ச்சி நூல்களை வெளியிட்டார். பம்பாய்க் கொலாபா அவதான நிலையத்தின் தலைவராயிருந்து பூமியின் காந்தத்தையும் நில அதிர்வையும் ஆராய்ந்தார். 1935இல் குவெற்றா நகரை அழித்த பூகம்பத்தைப் பற்றியும் ஆராய்ச்சி செய்தார்.

வங்காள விரிகுடாவின் புயலை நாம் ஏட்டில் மாத்திரம் படித்தவர்களல்லர். 1964 டிசம்பர் 22, 23ஆம் திகதிகளிலே நம் வடமாகாணத்தைக் குலைத்துத் தனுஷ்கோடியைக் கடல் கொள்ளச் செய்த சூறாவளியை நம் பெரியோர் இன்றும் சொல்லிக் கண் கலங்குவர். 1978 நவம்பரிலே மட்டக்களப்பைச் சின்னாபின்னமாக்கிய சூறாவளியில் நூற்றுக்கணக்கானோர் மடிந்தனர். தென்னந்தோப்புக்கள் வேரோடு சாய்ந்தன. புயலை எவராலும் நிறுத்த முடியாது; வருமுன் அறிந்து விலகத்தான் முடியும். மேல்வானிலே காற்று எப்படி ஓடுகின்றது என்று அறியாமல் அது இயலாது. அன்று பலூன் தகடுகளைப் படித்தவர்கள் போட்ட அத்திவாரத்தின் மேலேதான் இன்றைய எச்சரிக்கைகள் நிற்கின்றன.

ஐம்பத்தைந்து வயதிலே புதுத் தொடக்கம்

1948 பெப்ரவரியிலே இராமநாதன் ஐம்பத்தைந்து வயது நிறைந்து அரசாங்க உத்தியோகத்திலிருந்து இளைப்பாறினார். கௌரவமான சேவை, உபகாரச் சம்பளம், ஓய்வு; பலருக்கு வாழ்க்கையின் கணக்கு அங்கே முடிந்துவிடும். அவருக்கோ அங்கேதான் இரண்டாவது வாழ்க்கை தொடங்கிற்று.

அதற்குச் சில மாதங்கள் முன், 1947 நவம்பரில், விக்கிரம் சாராபாய் என்னும் இருபத்தெட்டு வயது வாலிபர் அகமதாபாத்திலே பௌதிக ஆய்வுகூடம் என்ற பெயரில் ஒரு நிலையத்தை ஆரம்பித்திருந்தார். செல்வக் குடும்பத்துப் பிள்ளை. கேம்பிரிட்ஜிலே கலாநிதிப் பட்டம் பெற்றவர். கட்டடம் இல்லை, ஒரு கல்லூரியின் சில அறைகளே இடம். அந்நிலையத்தின் முதல் இயக்குநராக வருமாறு இராமநாதன் அழைக்கப்பட்டார். அவரும் சென்றார். சாராபாய் அண்டக்கதிர்களை ஆராய்ந்தார். இராமநாதன் வளிமண்டலத்தை ஆராய்ந்தார். இருவருமே வெவ்வேறு காலத்தில் இராமனிடம் ஆராய்ச்சி பயின்றவர்கள். வயதிலே தந்தையும் மகனும் போன்ற இருவர், பதவியிலே யார் பெரியவர் என்று பாராது ஒரு கலத்தைச் செலுத்தினர். 1952இல் இராமன் அடிக்கல் நாட்டிய கட்டடத்தை 1954இல் பிரதமர் நேரு திறந்து வைத்தார். இந்திய விண்வெளி ஆராய்ச்சியின் தொட்டில் என்று இன்று அந்நிலையம் போற்றப்படுகின்றது. 1963 நவம்பர் 21ஆம் திகதி அம்முயற்சியின் முதல் ஏவுகணை வானிலே பாய்ந்த தும்பா, இராமநாதன் இளமையில் இடிமழையை அளந்த திருவனந்தபுரத்துக்கு அருகிலுள்ள ஒரு மீனவர் கிராமம்.

1966 வரை இயக்குநராயிருந்துவிட்டு, எழுபத்துமூன்றாம் வயதிலே அப்பொறுப்பைச் சாராபாய் கையில் ஒப்படைத்தார். ஆனால் இளையவர் நீண்ட நாள் இருக்கவில்லை. 1971 டிசம்பர் 30ஆம் திகதி திருவனந்தபுரத்தை அடுத்த கோவளத்திலே சாராபாய் ஐம்பத்திரண்டு வயதில் திடீரெனக் காலமானார். முதியவரோ தகைசால் பேராசிரியராக அதே ஆய்வுகூடத்திலே ஆராய்ச்சியைத் தொடர்ந்தார்.

மூன்று மில்லிமீற்றர்க் கவசம்

அகமதாபாத்திலே இராமநாதன் பெரிதும் ஈடுபட்ட விடயம் ஓசோன். படை மண்டலத்திலே பரந்திருக்கும் இவ்வாயு சூரியனின் ஊதாக்கடந்த கதிர்களைத் தடுத்து உயிர்களைக் காக்கின்றது. பெயர் பெரிதாயினும் அளவு மிகச் சிறிது. வானத்திலுள்ள ஓசோன் முழுவதையும் நிலமட்டத்துக்குக் கொண்டுவந்து விரித்தால் ஏறக்குறைய மூன்று மில்லிமீற்றர்த் தடிப்புத்தான் தேறும். அம்மெல்லிய போர்வை இல்லாவிடில் பயிரும் உயிரும் தாங்கமாட்டா.

இதனை நிலத்திலிருந்தே அளப்பதற்கு டொப்சன் என்னும் ஆங்கிலேயர் அமைத்த கருவி உதவிற்று. சூரிய ஒளியிலே ஓசோன் உறிஞ்சும் கதிரையும் அவ்வளவாக உறிஞ்சாத கதிரையும் அது ஒப்பிட்டுப் பார்க்கும். சூரியன் சாயும் வேளையில் உச்சிவானின் ஒளியை அளந்தால், ஓசோன் எவ்வுயரத்தில் எவ்வளவு இருக்கின்றது என்றும் கணிக்கலாம். இக்கணிப்பு முறையை இராமநாதனும் அவருடைய மாணவர்களும் செம்மைப்படுத்தினர். அகமதாபாத்திலும் ஆபு மலையிலும் நாள்தோறும் அளவெடுத்தனர். சூரிய ஒளி மிகுந்த வெப்பவலயத்திலேதான் ஓசோன் பெரும்பாலும் உண்டாகின்றது. ஆயினும் மேற்காற்று அதனைத் துருவப் பக்கமாகக் கொண்டு சென்றுவிடுவதால் நம் தலைக்கு மேலே போர்வை மெல்லியதாகவே இருக்கின்றது. வெப்பவலய ஓசோனின் அளவு ஏறக்குறைய ஈராண்டுக்கு ஒருமுறை ஏறி இறங்குவதை 1960களில் எடுத்துக் காட்டியோருள் இராமநாதனும் ஒருவர்.

உலகம் அவரை உரிய முறையில் கௌரவித்தது. 1954 முதல் 1957 வரை புவியளவைக்கும் புவிப்பௌதிகவியலுக்குமான சர்வதேச ஒன்றியத்தின் தலைவராயிருந்தார். 1957 யூலையிலே, பல்வேறு நாடுகளின் விஞ்ஞானிகள் அரசியற் பகையை மறந்து ஒரே காலத்தில் பூமியை அளந்த சர்வதேச புவிப்பௌதிக ஆண்டு ஆரம்பமானபோது அப்பதவியில் இருந்தவர் இக்கல்பாத்தித் தமிழரே. சர்வதேச ஓசோன் ஆணைக்குழுவுக்கும் தலைமை தாங்கினார். 1961இல் உலக வானிலை நிறுவனத்தின் அதியுயர் பரிசு கிடைத்தது. இந்திய அரசாங்கம் 1965இல் பத்மபூஷண் விருதும் 1976இல் பத்மவிபூஷண் விருதும் அளித்தது. 1984ஆம் ஆண்டின் கடைசி நாளான டிசம்பர் 31ஆம் திகதி, தொண்ணூற்றொரு வயது நிறைந்த நிலையிலே, அவர் ஆவி பிரிந்தது.

அவர் மறைந்து ஐந்து மாதங்கூட ஆகவில்லை. 1985 மே மாதத்திலே மூன்று பிரித்தானிய விஞ்ஞானிகள் உலகைத் திடுக்கிடச் செய்யும் செய்தியை வெளியிட்டனர். தென்துருவத்தின் மேலே ஆண்டுதோறும் வசந்த காலத்தில் ஓசோன் பெருமளவு குறைந்து வருகின்றது என்பதே அச்செய்தி. குளிர்ப்பெட்டிகளிலும் தெளிகருவிகளிலும் மனிதன் பயன்படுத்திய குளோரின் சேர்ந்த வாயுக்கள் அதற்குக் காரணம் என்பது பின்னர் உறுதியாயிற்று. 1987இல் மொன்றியல் நகரிலே நாடுகள் கூடி அவ்வாயுக்களைக் கட்டுப்படுத்த உடன்பட்டன. போர்வை இன்று மெல்ல மெல்லத் தேறி வருகின்றது.

அந்த அபாயம் எவ்வாறு தெரிய வந்தது? சர்வதேச புவிப்பௌதிக ஆண்டுக்காகத் தென்துருவக் கண்டத்தில் நிறுவப்பட்ட ஒரு நிலையத்திலே, டொப்சன் கருவி கொண்டு, ஏறக்குறைய முப்பதாண்டு காலம் இடைவிடாது குறித்து வைத்த அளவுகளினாலேதான். இதனால் என்ன பயன் என்று கேட்டு இடையில் நிறுத்தியிருந்தால் உலகம் தன் ஆபத்தை அறியாமலே இருந்திருக்கும். இராமநாதன் அவர்கள் தம் வாழ்நாளெல்லாம் வளர்த்த விரதம் அதுவே: பயன் இன்று தெரியாவிட்டாலும் அளவு தவறாது எடுக்கப்பட வேண்டும், கண்டது கண்டவாறே எழுதப்பட வேண்டும்.

நமக்கு விட்டுச் சென்றவை

இராமநாதனுக்கு முன்னே இராமன் நின்றார். பின்னே சாராபாய் நின்றார். இரண்டு பெருஞ்சுடர்களுக்கு நடுவே நின்றதால் பொதுமக்கள் அவரை அதிகம் அறியவில்லை. ஆனால் முன்னவரிடம் கற்றதைப் பின்னவர் எழுப்பிய நிலையத்துக்குக் கொண்டு சேர்த்த பாலம் அவரே. பாலத்தின் பெயரைக் கேட்பவர் குறைவு. அதன்மேல் நடந்து அக்கரை சேர்ந்தவரோ பலர்.

நம் சங்கங்களிலே ஒரு குறை அடிக்கடி கேட்கின்றது. பெரியோர் வழிவிடுவதில்லை என்று இளைஞர் சொல்வர். இளைஞர் பொறுப்பெடுப்பதில்லை என்று பெரியோர் சொல்வர். அகமதாபாத்தின் சில அறைகளிலே ஐம்பத்தைந்து வயதினரும் இருபத்தெட்டு வயதினரும் ஒரே மேசையில் அமர்ந்து செய்ததை இருசாராரும் எண்ணிப் பார்க்க வேண்டும். இளைப்பாறியவருக்கு வேலை இருந்தது. இளைஞருக்கு வழிகாட்டி இருந்தார். பொறுப்பைக் கையளிக்கும் காலம் வந்தபோது மூத்தவர் மகிழ்ந்து கையளித்தார். கையளித்த பின்னும் உழைப்பை விடவில்லை.

நம் வாலிபர்களுக்கு ஓர் எளிய வேலையையும் நினைவூட்டுகின்றோம். மழைமானி பெரும் பொருட்செலவுள்ள கருவியன்று. திறந்த வெளியில் அதனை வைத்து, நாள்தோறும் காலை ஒரே நேரத்தில் அளந்து, ஒரு கொப்பியில் எழுதி வரலாம். மழையில்லாத நாளிலும் பூச்சியம் என்று எழுத வேண்டும். முதலாண்டிலே அது சலிப்பைத் தரும். பத்தாண்டு கழிந்தால் கொட்டாஞ்சேனையின் மழை நம் கையிலே ஏடாக இருக்கும். கால்வாய் எங்கே பெருகும், வெள்ளம் எப்போது வரும் என்று ஆராய்வோர் ஒருநாள் அவ்வேட்டைத் தேடி வருவர். மூத்தவர் ஒருவர் தொடங்கி வைக்க, இளையவர்கள் முறை வைத்துத் தொடர்ந்தால், காற்று வாசலிலே பிறந்து உயர்வானின் குளிரை அளந்த அப்பெரியாருக்கு நாம் செலுத்தும் மெய்யான அஞ்சலி அதுவாகும்.